பெயரும் பொறுப்பும்: டேவிட் பிரஹாமின் நாடக இசைவாழ்வு குறித்த ஒரு திறனாய்வு

ஆய்வுச்சுருக்கம்

பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் நியூயார்க் நகர மேடையில் எட்வர்ட் ஹாரிகன் எழுதி நடித்த நாடகங்களுக்கு இசையமைத்தவர் டேவிட் பிரஹாம் (1834–1905). இவ்விருவர் கூட்டில் இருநூற்றை ஒட்டிய பாடல்கள் பிறந்தன. நாடக வரலாறு ஹாரிகனுக்குத் தனி இடம் தந்திருக்க, பிரஹாமின் பெயரோ அடைமொழி ஒன்றோடு நின்றுவிடுகின்றது. அப்பெயர் மங்கியதற்கான காரணங்களை அவர் தொழில் செய்த முறையிலும், அக்காலப் பதிப்புரிமைச் சட்டத்திலும், நாடக வகைமையிலும் இக்கட்டுரை தேடுகின்றது. அவரை முழுமையான படைப்பாளியாக ஏற்போமாயின், அந்நாடகங்களின் இனக் கேலியிலும் அவருக்குப் பங்குண்டு என்பதை ஏற்க வேண்டும் என்பது இக்கட்டுரையின் வாதம்.

திறவுச்சொற்கள்: டேவிட் பிரஹாம், ஹாரிகன், இசைநாடகம், அணிநடைப் பாடல், கரிபூச்சு மேடை, பதிப்புரிமை.

முன்னுரை

அமெரிக்க இசைநாடகத்தின் வரலாற்றை எழுதுவோர் பெரும்பாலும் 1866இல் நிப்லோஸ் கார்டன் அரங்கில் நிகழ்ந்த 'தி பிளாக் குரூக்' என்னும் காட்சிநாடகத்தில் தொடங்குவர். அங்கிருந்து ஆங்கில ஓபரெட்டாவின் வருகையைச் சொல்லி, ரெஜினால்ட் டி கோவனின் 'ராபின் ஹூட்' (1890), சூசாவின் 'எல் கேப்பிடன்' (1896) ஆகியவற்றைத் தொட்டு, ஜார்ஜ் எம். கோஹனிடம் வந்து சேர்வர். இடையில் ஓர் இயல் 'ஹாரிகனும் ஹார்ட்டும்' என்ற தலைப்பில் அமைவதுண்டு. அவ்வியலில் பேசப்படும் பாடல்கள் அனைத்திற்கும் மெட்டமைத்தவர் மூன்றாமவர். தலைப்பில் அவருக்கு இடமில்லை. மேடையில் நின்ற இருவரும் நினைவில் தங்கினர். மேடைக்கு முன்னுள்ள பள்ளத்தில் வயலினோடு நின்றவர் இருளில் கலந்தார்.

இதனைப் புறக்கணிப்பு என்று கூறி இரங்குவது எளிது. அதனினும் கடினமானது, அவ்விருளில் என்ன நடந்தது என்று கேட்பது. பிரஹாமின் வாழ்க்கை வரலாற்றை எழுதிய ஜான் பிரான்செஸ்கினா தம் நூலுக்கு (2003) இட்ட துணைத்தலைப்பு 'அமெரிக்க ஆஃபன்பாக்' என்பதாகும். பழைய புகழுரையொன்றின் எதிரொலியான இவ்வடைமொழியிலிருந்தே ஆய்வைத் தொடங்கலாம்.

பொருந்தாத அளவுகோல்

ஆஃபன்பாக்கின் ஓபரெட்டாக்களில் கதை இசையால் நடக்கின்றது. அங்கத்தின் முடிவில் பல குரல்கள் பின்னிப் பிணைந்து நிகழ்ச்சியை முன்னே தள்ளும். பாத்திரம் மனம் மாறுவதையும் பொய் வெளிப்படுவதையும் இசைக்குள்ளேயே கேட்க முடியும். பிரஹாமின் நாடகங்களில் இத்தகைய கட்டுமானம் இல்லை. உரைநடை உரையாடலால் நடக்கும் கேலிநாடகம் ஒன்றில் சில தனிப்பாடல்கள் அமைந்திருக்கும். சரணங்கள் கதை சொல்லும்; ஒவ்வொரு சரணத்தின் பின்னும் பல்லவி திரும்ப வரும். (நம் மரபில் பல்லவி முதலில் நிற்பது. இங்கு அது சரணத்திற்குப் பின் வருவது. சொல்லைக் கடன்வாங்கும்போது இவ்வேறுபாட்டை மறத்தலாகாது.)

ஆகவே ஆஃபன்பாக் என்னும் கோலால் அளந்தால் பிரஹாம் குறையுடையவராகவே தோன்றுவார். அடைமொழி புகழ்வதுபோல் தோன்றிச் சிறுமைப்படுத்துகின்றது என்பதே என் கருத்து. அவர் செய்த வேலை வேறு. அப்பாடல்கள் பெரும்பாலும் கதைக்குள்ளேயே மாந்தர் உண்மையாகப் பாடுகின்ற தருணங்களில் எழுவன: ஊர்வலம், நடன விருந்து, வீட்டு விருந்து, தெருமுனைக் கூட்டம். பாட்டு அங்கே மனத்தின் மொழிபெயர்ப்பாக வருவதில்லை. அந்தத் தெருவின் பழக்கமாக வருகின்றது. 'தி பேபீஸ் ஆன் அவர் பிளாக்' (எங்கள் தெருக் குழந்தைகள், 1879) என்னும் பாடல் இதற்குத் தக்க சான்று. தெருவில் வாழும் ஐரிஷ் குடும்பங்களின் பெயர்களை அடுக்கிச் செல்லும் அப்பாடலின் பல்லவியில், சிறுமியர் வட்டமாக நின்று ஆடும் 'லிட்டில் சாலி வாட்டர்ஸ்' என்னும் விளையாட்டுப் பாட்டைப் பிரஹாம் அப்படியே நுழைத்துவிடுகின்றார். அரங்கில் அமர்ந்திருந்தவர்கள் சற்று முன்னர் தம் வாசலில் கேட்ட ஒலி அது. தான் இயற்றாத மெட்டைத் தன் மெட்டின் நடுவே வைக்கத் துணிவது, தன் தனித்தன்மையைக் காட்டுவதில் மட்டும் கருத்துடைய இசைஞர் செய்யும் செயலன்று.

ஊதியம் பெறும் இசைஞர்

பிரஹாம் லண்டனில் பிறந்தவர். 1856இல் நியூயார்க்குக்கு வந்தார். வயலின் கலைஞராக மின்ஸ்ட்ரல் குழுவில் தொழிலைத் தொடங்கினார். வெள்ளையர் முகத்தில் கரிபூசிக் கருப்பின மக்களைப் போலப் பேசியும் பாடியும் ஆடியும் காட்டிய கேளிக்கை வகை மின்ஸ்ட்ரல். அக்கால அமெரிக்காவின் மிகப் பரவலான மேடைக் கலை அதுவே. பின்னர் பல்சுவை அரங்குகள் பலவற்றில் இசைக்குழுத் தலைவராகப் பணியாற்றினார். அந்தப் பணி இன்றைய பொருளில் 'இசையமைப்பாளர்' என்ற சொல்லுக்குள் அடங்காது. பாடகரின் குரலுக்கேற்பச் சுருதி மாற்ற வேண்டும். குட்டிக்கரணக்காரருக்குத் தாளம் தர வேண்டும். புதிய பாட்டு இல்லையென்றால் புதிதாக ஒன்று செய்துதர வேண்டும். பாடல் இயற்றுவது ஊதியத்துக்குரிய வேலைகளுள் ஒன்றாக இருந்தது.

ஹாரிகன் இல்லாமலும் அவரால் இயங்க முடிந்தது என்பதற்கு 1874இல் ஜார்ஜ் கேட்லினின் சொற்களுக்கு அவர் இசையமைத்த 'ஓவர் தி ஹில் டு தி பூர்ஹவுஸ்' என்னும் பாடல் சான்று. மக்களால் கைவிடப்பட்ட முதியவர் ஏழையர் இல்லத்துக்குப் போவதைப் பாடும் அப்பாடலில் கேலியின் சாயல் சிறிதும் இல்லை. ஆயினும் அவர் வாழ்வின் திருப்பம் ஹாரிகனே. 1844இல் நியூயார்க்கில் பிறந்த ஹாரிகன், 1871இல் சிகாகோவில் டோனி ஹார்ட்டைச் சந்தித்து இணைந்தார். 1873இல் 'தி மல்லிகன் கார்டு' என்னும் பாடலும் அதைச் சுற்றிய சிறு நாடகக் காட்சியும் மேடையேறின. 1876இல் ஹாரிகன், பிரஹாமின் மகள் ஆனியை மணந்தார். அதன்பின் நாடக நிறுவனமும் குடும்பமும் ஒன்றாயின. சொல்லை ஹாரிகன் முதலில் எழுதித் தருவதும், அதற்கு மாமனார் மெட்டமைப்பதும் வழக்கமாயிற்று. ஒரு குடும்பத்துக்குள் நிகழும் கொடுக்கல் வாங்கலில் யாருக்கு என்ன பங்கு என்று எவரும் எழுதி வைப்பதில்லை. வரலாற்றாய்வாளருக்கு அதனால் ஏற்படும் இழப்பு பெரிது.

எஞ்சியவையும் அரைகுறையே. ஹாரிகனின் புதிய தியேட்டர் கொமீக் 1884 டிசம்பரில் தீக்கிரையாயிற்று. இன்று நம் கையில் உள்ளவை பெரும்பாலும் குரலுக்கும் பியானோவுக்குமாக அச்சிடப்பட்ட விற்பனைத் தாள்கள். வீட்டு முன்னறையில் வாசிக்கத்தக்கவாறு எளிமையாக்கப்பட்ட அத்தாள்களைக் கொண்டு அரங்கில் ஒலித்த இசைக்குழுவை மதிப்பிடுவது, வண்ண ஓவியத்தை அதன் கரிக்கோட்டு வரைவைக் கொண்டு மதிப்பிடுவதற்கு ஒப்பாகும்.

சட்டமும் வகைமையும்

அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டம் 1831இல் இசைப் படைப்புகளை அச்சளவில் காத்தது. 1856இல் நாடகாசிரியருக்குத் தம் நாடகத்தைப் பொதுமேடையில் நிகழ்த்தும் உரிமை கிடைத்தது. இசைப் படைப்பைப் பொதுவெளியில் நிகழ்த்தும் உரிமையோ 1897இல்தான் வந்தது. இம்மூன்று ஆண்டுகளுக்கிடையே பிரஹாமின் தொழில்வாழ்வு ஏறக்குறைய முழுவதும் அடங்கிவிடுகின்றது. அவர் மெட்டைத் தெருவிசைக் குழுவும் படைப்பிரிவும் மதுக்கூடமும் நாள்தோறும் வாசித்தபோதும், அவருக்குச் சட்டப்படி எதுவும் வரவேண்டியதில்லை. அச்சுத்தாள் விற்பனையும் வார ஊதியமுமே வழி. 'தி மல்லிகன் கார்டு' ஐம்பது டாலருக்குப் பதிப்பாளரிடம் விற்கப்பட்டது என்னும் செய்தி பலராலும் திரும்பத் திரும்பச் சொல்லப்படுவது. சட்டம் நாடகாசிரியரை உரிமையாளராகவும் இசைஞரைப் பணியாளராகவும் பார்த்தது; வரலாற்றாசிரியரும் அதே கண்ணால் பார்த்தனர் என்று முடிவுகட்டத் தோன்றும்.

ஆனால் அம்முடிவுக்கு ஒரு தடை உண்டு. 1879 ஜனவரி 13 அன்று தியேட்டர் கொமீக்கில் 'தி மல்லிகன் கார்டு பால்' (மல்லிகன் படையின் நடன விருந்து) தொடங்கியது. இரண்டு நாள் கழித்து, ஜனவரி 15 அன்று, ஸ்டாண்டர்ட் அரங்கில் கில்பர்ட், சல்லிவன் இருவரின் 'எச்.எம்.எஸ். பினாஃபோர்' நியூயார்க்கில் முதன்முதலாக அரங்கேறியது. அயல்நாட்டுப் படைப்பாதலால் அதற்கு அமெரிக்காவில் எவ்விதக் காப்பும் இல்லை. அயலாரின் படைப்புக்குக் காப்பளிக்கும் சட்டம் 1891இல்தான் வந்தது. பல குழுக்கள் இசைவு பெறாமலே அதனை நடத்தின. அந்த இழப்பு மீண்டும் நேராதிருக்கவே இருவரும் கடல் கடந்து வந்து, அவ்வாண்டு டிசம்பர் 31 அன்று 'தி பைரட்ஸ் ஆஃப் பென்சான்ஸ்' ஓபரெட்டாவை நியூயார்க்கிலேயே அரங்கேற்றினர். சட்டம் பிரஹாமைவிடவும் சல்லிவனைக் கைவிட்டது. ஆயினும் சல்லிவனின் பெயர் அழியவில்லை. எனவே, சட்டம் மட்டும் விடையாகாது.

மீதி விடை வகைமையில் உள்ளது. ஓபரெட்டா என்பது இசைஞரின் பெயரால் அறியப்படும் வடிவம். பாடல் கலந்த கேலிநாடகமோ நாடகாசிரியரின் அல்லது நடிகரின் பெயரால் அறியப்படுவது. 1886இல் வில்லியம் டீன் ஹவெல்ஸ் 'ஹார்ப்பர்ஸ்' இதழில் ஹாரிகனை இத்தாலிய நாடகாசிரியர் கோல்டோனியோடு ஒப்பிட்டுப் பாராட்டினார். நடப்பியல் இலக்கியத்தின் முன்னோடியான திறனாய்வாளர் தந்த அம்மதிப்பே பின்வந்தோருக்கு வழிகாட்டியாயிற்று. கோல்டோனி என்ற ஒப்புமை தெருமக்களின் பேச்சையும் நடத்தையையும் கண்டுகொள்ள உதவியது. பாட்டைக் கேட்க உதவவில்லை. இதில் ஒரு சுவையான செய்தி: 'பினாஃபோர்' அமெரிக்க மண்ணில் முதன்முதலாக 1878 நவம்பரில் பாஸ்டன் மியூசியம் அரங்கில் நிகழ்ந்தபோது இசைக்குழுவை நடத்தியவர் ஜான் பிரஹாம், டேவிட் பிரஹாமின் உடன்பிறந்தார் மகன். ஒரே குடும்பத்தின் கைகள் இரு வகைமைகளிலும் இருந்தன.

அணிநடையின் இரு முகங்கள்

இனிப் பாடல்களுக்குள் செல்லலாம். நியூயார்க்கின் குடியேறிகள் பகுதிகளில் 'இலக்குப் படைகள்' என்ற பெயரில் இளைஞர் குழுக்கள் இயங்கின. சீருடை அணிந்து, துப்பாக்கி ஏந்தி, குறிபார்த்துச் சுடும் போட்டிக்கு ஊர்வலமாகச் செல்வது அவற்றின் வேலை. உள்ளூர் அரசியல்வாதிகள் ஆதரவளிப்பர். சுடுவதைவிடக் குடிப்பதே மிகுதி. இதனைக் கேலி செய்தது 1873ஆம் ஆண்டுப் பாடல். மேடையில் வந்த 'படை' ஒரு தலைவனும் ஒரே ஒரு வீரனும், இலக்குப் பலகையைத் தூக்கிவரும் ஒரு கருப்பினச் சிறுவனும் மட்டுமே.

சொற்கள் கேலி செய்கின்றன. மெட்டு கேலி செய்யவில்லை. பிரஹாம் அமைத்தது பிழையற்ற, நிமிர்ந்த நடையுள்ள அணிநடைப் பாடல். மெய்யான படைக்குழுக்களே அதற்கு நடை போட்டன. மெட்டு கோணலாக இருந்திருப்பின் எந்தப் படை அதற்கு நடந்திருக்கும்? கால் தடுமாறும் குடிகாரனுக்குத் தடுமாறாத இசையைத் தந்ததில்தான் நகைச்சுவை இருக்கின்றது; அவனுக்குரிய மதிப்பும் அதிலேயே இருக்கின்றது. சொல் அவனைப் பார்த்துச் சிரிக்கின்றது, இசையோ அவன் தன்னை எவ்வாறு கருதிக்கொள்கின்றானோ அவ்வாறே அவனைக் காட்டுகின்றது. ஹவெல்ஸ் ஹாரிகனிடம் கண்ட பரிவில் ஒரு பெரும்பகுதி பிரஹாமுடையது என்று துணிந்து கூறலாம்.

கதை இங்கு முடிந்திருந்தால் பிரஹாமுக்கு ஒரு பாராட்டுரை எழுதி நிறுத்தியிருக்கலாம். 'மல்லிகன் கார்டு பால்' நாடகத்தில் மற்றொரு படையும் உண்டு. அது 'ஸ்கிட்மோர் கார்டு' என்னும் கருப்பினத்தார் படை. மேடையில் அவர்களாக வந்தவர்கள் கரிபூசிய வெள்ளை நடிகர்கள். இரு படைகளுக்கும் ஒரே இரவில் ஒரே மண்டபம் வாடகைக்குப் பேசப்பட்டுவிடுகின்றது. சண்டை தவிர்க்க ஸ்கிட்மோர் படையை மாடிக்கு அனுப்புகின்றனர். அவர்கள் ஆடிய ஆட்டத்தில் தளம் இடிந்து கீழே ஆடிக்கொண்டிருந்த ஐரிஷ் கூட்டத்தின்மேல் விழுகின்றது. அரங்கம் அதிரச் சிரித்த காட்சி இது. நாடகம் நூறு இரவுகளைக் கடந்து ஓடியது. அதற்குப் பதினாறு ஆண்டுகளுக்கு முன்புதான், 1863 ஜூலையில், கட்டாயப் படைச்சேர்ப்பை எதிர்த்து அதே நகரில் எழுந்த கலவரத்தில் ஐரிஷ் தொழிலாளர் மிகுந்த கூட்டங்கள் கருப்பின மக்களைத் தாக்கிக் கொன்றன. கருப்பினச் சிறாரின் அனாதை இல்லத்தைக் கொளுத்தின. சிரித்தவர்களுள் பலர் அதைக் கண்ணால் கண்டிருக்கக்கூடிய வயதினர்.

ஸ்கிட்மோர் படைக்கும் பிரஹாம் மிடுக்கான பாடல்களையே தந்தார். 'தி ஸ்கிட்மோர் ஃபேன்சி பால்' போன்றவை அந்நாளில் மல்லிகன் பாடலைப் போலவே விரும்பப்பட்டன. இதைக் கொண்டு, இசையில் அவர் இரு இனங்களையும் சமமாக நடத்தினார் என்று வாதிட முடியும்; அவ்வாறு வாதிடுவோருக்கு மெட்டே சான்றாகும். எனக்கு அவ்வாதம் போதுமானதாகத் தோன்றவில்லை. அணிநடை இசையின் ஆற்றல் அதனைக் கேட்பவன் எழுந்து சேர்ந்துகொள்வதில் உள்ளது. மல்லிகன் படையின் பாட்டில் ஐரிஷ் பார்வையாளன் தன்னையே கேலி செய்துகொண்டு தானே நடக்க முடிந்தது. மேடையில் அவனாக நின்றவனும் ஐரிஷ் மரபினனே. ஸ்கிட்மோர் பாட்டில் கருப்பினப் பார்வையாளனின் இடத்தில் ஏற்கெனவே கரிபூசிய வேறொருவன் நின்றுகொண்டிருந்தான். ஒரே இசைவடிவம் ஒருவனுக்குக் கண்ணாடியாகவும் மற்றவனுக்கு முகமூடியாகவும் பயன்பட்டது. மின்ஸ்ட்ரல் குழுவில் தொழில் கற்ற பிரஹாமுக்கு இவ்வேறுபாடு தெரியாதிருந்திருக்க வழியில்லை. இசை நல்லதாக இருந்ததாலேயே கேலி இனிதாக இறங்கியது. மெட்டமைத்தவரை வெறும் பணியாளர் என்று விட்டுவிட்டால் இக்கேள்வி ஹாரிகனோடு முடிந்துவிடும். அவரைப் படைப்பாளி என்றால் அவரிடமும் கேட்க வேண்டியதாகின்றது.

கருப்பின இசைஞரொருவர் தம் பெயரோடு பிராட்வேயில் ஓர் இசைநிகழ்வைப் படைக்க 1898 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அவ்வாண்டு கசினோ அரங்கின் மாடித் தோட்டத்தில் வில் மேரியன் குக்கின் 'க்ளோரிண்டி' மேடையேறியது. அதுவும் கரிபூச்சு மேடை விட்டுச்சென்ற சொற்களிலிருந்து முற்றும் விடுபட்டதன்று.

தூக்குவாளி

பிற்காலப் பாடல்களில் தொனி மாறுகின்றது. 1883இல் வந்த 'கார்டிலியாஸ் ஆஸ்பிரேஷன்ஸ்' நாடகத்தில் மல்லிகன் குடும்பம் ஏழைத் தெருவைவிட்டு மேடிசன் அவென்யூவுக்குக் குடிபெயர்கின்றது. பழைய பொருள்களைக் கழிக்க மனைவி முனைகின்றாள். தந்தை வேலைக்குச் சோறு கொண்டுபோன தூக்குவாளியை விட மல்லிகனுக்கு மனம் வரவில்லை. அதைப் பற்றி ஒரு பாடல் பாடுகின்றான். நாடகத்தின் முழுச் சிக்கலும் ஒரு தகரப் பாத்திரத்தில் வந்து தங்குகின்றது. 'ஸ்குவாட்டர் சாவரன்டி' (1882) நாடகத்தின் 'பாடி டஃபிஸ் கார்ட்' என்னும் பாடலில், தெருவோர வண்டியில் அமர்ந்து பாடிய சிறுவர்கள் வளர்ந்தபின் அந்நாளை நினைக்கின்றனர். 1890 டிசம்பரில் ஹாரிகன் தம் புதிய அரங்கை 'ரைலி அண்ட் தி ஃபோர் ஹண்ட்ரட்' நாடகத்தோடு திறந்தபோது பெரும் வெற்றி பெற்றது 'மாகி மர்ஃபிஸ் ஹோம்' என்னும் வால்ட்ஸ் பாடல். ஞாயிறு மாலையில் ஓர் எளிய குடியிருப்பின் முன்னறை, அங்கே ஓர் ஆர்கன், கூடியிருக்கும் இளையோர். பாடலில் வேறொன்றும் இல்லை. அணிநடை போய் வால்ட்ஸ் வந்தது ஒரு தலைமுறை தெருவிலிருந்து வீட்டுக்குள் வந்ததன் ஒலிவடிவம் என்று நான் கருதுகின்றேன். இரண்டாண்டுக்குள் சார்லஸ் ஹாரிஸின் 'ஆஃப்டர் தி பால்' என்னும் மற்றொரு வால்ட்ஸ் நாடெங்கும் விற்றுப் பாடல்தொழிலின் போக்கையே மாற்றிவிட்டது. நாடகத்திற்காகப் பாடல் என்ற நிலை போய், பாடலை விற்க நாடகம் என்ற நிலை வந்தது. 1903இல் ஹாரிகன் தந்த 'அண்டர் கவர்' நாடகத்திற்கு இசை பிரஹாமின் மகன் ஜார்ஜ் பிரஹாமுடையது. 1905இல் பிரஹாம் மறைந்தார்.

மறைவுக்குப் பின்

இரண்டாண்டு கழித்து, 1907இல், ஜார்ஜ் எம். கோஹன் 'ஹாரிகன்' என்ற பெயரையே பல்லவியாக்கி ஒரு பாடலை இயற்றினார். அப்பாடல் இன்றும் அறியப்படுகின்றது. 1985இல் பிராட்வேயில் சில நாள்களே ஓடிய இசைநாடகத்தின் பெயர் 'ஹாரிகன் அண்ட் ஹார்ட்'. மூன்றாம் பெயர் சேர்ந்தது 1997இல் ஜான் ஃபின்சன் பதிப்பித்த தொகுப்பில்தான் எனலாம். இருவர் பெயரையும் தாங்கிய அத்தொகுப்பில் ஸ்கிட்மோர் பாடல்களும் அவற்றின் சொற்கள் மாறாமல் இடம்பெற்றுள்ளன. 2006இல் பாடகரும் நாட்டார் வழக்காற்று ஆய்வாளருமான மிக் மொலோனி வெளியிட்ட இசைத்தட்டும் இருவர் பெயரையும் தாங்கியதே; ஆனால் அதன் துணைத்தலைப்பு பழைய நியூயார்க்கின் 'ஐரிஷ் அமெரிக்கப் பாடல்கள்' என்று தேர்வின் எல்லையை வரையறுத்துவிடுகின்றது. தொகுப்பைப் படிக்கும் கண்ணுக்கு ஒரு பிரஹாம், தட்டைக் கேட்கும் காதுக்கு மற்றொரு பிரஹாம். அவ்விருவரையும் ஒருசேர ஆராயும் பணி இசைவரலாற்றினருக்கு மட்டும் உரியதன்று. நாடகப் பனுவலைப் படிப்போருக்கும் அதில் பங்குண்டு.